மூன்று காலன் லாரி

உத்திரமேரூரில் எந்த வண்டி வந்து நின்றாலும் சிட்டம்மாள் கேட்கிற முதல் கேள்வி, "இது இன்னா குடிக்குது?" என்பதுதான். செங்கல்பட்டு பஸ் டிரைவரிடம் கேட்டிருக்கிறாள். கல்யாணக் காருக்குள் தலையை நீட்டி மாப்பிள்ளையிடமே கேட்டிருக்கிறாள். பெட்ரோலா டீசலா, நாலரை லிட்டர் கொண்ட ஒரு காலன் என்ன விலை, ஒரு காலனுக்கு எத்தனை மைல் ஓடும் என்று தெரியாமல் நகரமாட்டாள்.

எழுதப் படிக்கத் தெரியாது. அவளோடு சேர்த்து இருபத்து நான்கு பெண்கள் நடவுக்கும் களையெடுப்புக்கும் கூட்டமாகப் போவார்கள். கூலி பேசுவது அவள். கட்டை விரல் மற்ற விரல்களின் கணுக்களில் ஓடினால் கணக்கு நடக்கிறது என்று அர்த்தம். அதுவரை வெற்றிலை மெல்லுகிற வாய் நின்றுவிடும். விடை கிடைத்ததும் தாடை மறுபடி அசையும்.

நயா பைசா வந்த மறு வருஷம், ஐப்பசி மாதம். நல்ல மழை. எல்லோர் கழனியிலும் ஒரே சமயத்தில் நடவு. வாலாஜாபாத்தை ஒட்டி எட்டுக் காணி வைத்திருந்த நிலக்காரருக்கு உள்ளூரில் ஆள் கிடைக்கவில்லை. அவருடைய கணக்குப்பிள்ளை சுப்பிரமணி, பெட்ரோல் வேனில் உத்திரமேரூருக்கு வந்து இறங்கினார்.

"வேன்ல பன்னெண்டு பேர்தான் ஏறலாம். பன்னெண்டு பேரைப் பொறுக்கி அனுப்பு சிட்டம்மா. எட்டு நாள் வேலை, தினம் கூட்டிப்போய்க் கொண்டுவந்து விட்டுடுவோம். ராத்திரி வண்டி இங்கியே நிக்கும்."

பெண்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். கைக்குழந்தைக்காரி அங்கம்மாள் தானாகவே இரண்டடி பின்னால் போய் நின்றாள். எப்போதும் முதலில் கழிக்கப்படுகிறவள் அவள். அதைப் பார்த்ததும் சிட்டம்மாள் சுப்பிரமணி பக்கம் திரும்பினாள்.

"உங்க நெல்லு லாரி சும்மாத்தானே நிக்குது? அத்த அனுப்புங்க. அல்லாரும் வர்றோம்."

சுப்பிரமணி சிரித்தார். "போக வர முப்பது மைல். வேனுக்கு ரெண்டு காலன் போதும். லாரி மூணு காலன் குடிக்கும். உனக்கு இன்னா தெரியும்?"

அந்த லாரியின் டிரைவர் துரை முன்பு நெல் மூட்டை ஏற்ற வந்த நாளிலேயே அவனிடம் அவள் எல்லாம் கேட்டு வைத்திருந்தாள். கட்டை விரல் ஓடியது. வாய் நின்றது. இருபத்து மூன்று பெண்களும் அந்த வாயையே பார்த்தார்கள். தாடை அசைந்தது.

"பெட்ரோலு காலன் மூணு ரூபா. ரெண்டு காலன், ஆறு ரூபா. டீசலு காலன் ரெண்டு ரூபா. மூணு காலன், அதுவும் ஆறு ரூபா. அதே ஆறு ரூபாக்கு வேன்ல பன்னெண்டு பேரு, தலைக்கு அரை ரூபா. லாரில இருபத்திநாலு பேரு, தலைக்குக் கால் ரூபா. சரியா கீதுங்களா?"

சுப்பிரமணி சட்டைப் பையிலிருந்து பென்சிலை எடுத்தார். சிகரெட் அட்டையின் பின்புறம் எழுதிப் பார்த்தார். அவள் காத்திருக்கவில்லை.

"பன்னெண்டு பேரு நட்டா எட்டு நாளு. எட்டாறு நாப்பத்தெட்டு ரூபா. இருபத்திநாலு பேரு நட்டா நாலே நாளு. நாலாறு இருபத்திநாலு. கூலி மொத்தத்துல மாறாது. நாத்து முத்திக்கினு கீது, நாலு நாளு முன்னாடி முடியும். உங்களுக்கு இருபத்திநாலு ரூபா மிச்சம். அதுல பாதி எங்களுக்கு. தலைக்கு அரை ரூபா."

பென்சில் இரண்டு முறை மேலும் கீழும் போனது. கணக்கு எங்கும் பிசகவில்லை.

"மொதலாளியக் கேக்கணும்" என்றார் சுப்பிரமணி.

"கேளுங்க. அந்த அட்டையையும் காட்டுங்க."

மறுநாள் விடியற்காலை வந்தது வேன் அல்ல, லாரி. "தலைக்கு அரை ரூபா சேத்துத் தரச் சொல்லிட்டாரு மொதலாளி. அட்டைய அவரே வச்சிக்கினாரு" என்றான் துரை. பெண்கள் போட்ட கூச்சலில் மரத்துக் காக்கைகள் கலைந்தன. அங்கம்மாளைத்தான் முதலில் ஏற்றினாள் சிட்டம்மாள். குழந்தையை அப்புறம் தூக்கிக் கொடுத்தாள். மற்றவர்கள் ஏறி முடிகிற வரை கீழேயே நின்றாள்.

"முன்னாடி வந்து குந்துக்கா" என்று துரை பக்கத்து சீட்டைத் தட்டினான்.

அவள் தலையசைத்து மறுத்து, சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு பின்னால் தொற்றி ஏறினாள். பலகையில் உள்ளங்கையால் ஓங்கி இரண்டு தட்டு.

"ரைட்டு, போலாம்!"