சூடு காட்டிய நட்டு

இது நடந்து நாற்பது வருடம் இருக்கும். ஓசூரில் கம்பெனிகள் ஒவ்வொன்றாக வந்துகொண்டிருந்த காலம். கிருஷ்ணகிரியிலிருந்து ஓசூர் போகிற ரோட்டில், குந்தாரப்பள்ளி தாண்டி, ஒரு புளியமரத்தடியில் எங்கள் கமான் பட்டறை இருந்தது. கமான் என்றால் தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். லாரியின் சக்கரத்துப் பக்கம் வில் மாதிரி வளைந்த இரும்புப் பட்டைகளை அடுக்கி வைத்திருப்பார்களே, அதுதான் கமான். வண்டி சுமக்கிற பாரமெல்லாம் அதன்மேல்தான் உட்காரும். அந்த அடுக்கை அச்சோடு சேர்த்துக் கவ்விப் பிடிப்பது யு போல்ட். குதிரை லாடம் மாதிரி வளைந்திருக்கும், இரண்டு காலிலும் அடியில் நட்டு இருக்கும்.

என் வீட்டுக்காரர் சேலத்துப் பக்கம். தொழில் அவருடையது. நான் வேப்பனப்பள்ளிக்காரி, மூன்றாவது வரை படித்தவள். கல்யாணமான நாளிலிருந்து அவருக்குச் சம்மட்டி பிடித்துக் கொடுத்தது நான்தான். மஞ்சள் காமாலையில் அவர் போனபோது, பட்டறையை விற்றுவிட்டு அண்ணன் வீட்டுக்கு வா என்றார்கள். நான் போகவில்லை. யார் வீட்டு அடுப்படியிலும் போய் நிற்கிற பழக்கம் எனக்கு இல்லை.

முதல் வருடம் வண்டி வரவில்லை. பொம்பளை கட்டிய கமானை நம்பி மலை இறங்க முடியுமா என்று பேசிக்கொண்டார்கள். பிறகு ஒன்றிரண்டு வந்தன. வந்த டிரைவர்களும் வேலையைச் சொல்லிவிட்டு எதிரே டீக்கடையில் போய் உட்கார்ந்துகொள்வார்கள். குழாயடியில் பெண்கள் என் கையைப் பார்த்துவிட்டுக் குடத்தை நகர்த்துவார்கள். கிரீஸ் கறை, எத்தனை சீயக்காய் போட்டாலும் நகக்கண்ணில் நிற்கும். நாளெல்லாம் நான் பேசுவது நட்டோடும் போல்ட்டோடும்தான். சில நாள் பொழுது சாயும்போது, இன்றைக்கு என் குரலை நானே கேட்கவில்லையே என்று தோன்றும். அதை யாரிடமும் சொன்னதில்லை. சொன்னால் அண்ணன் வந்து கூட்டிக்கொண்டு போய்விடுவார்.

அப்படி ஒரு நாள் காலையில் ஒரு பழைய லாரி வந்து நின்றது. டிரைவருக்கு ஐம்பது வயது இருக்கும். தளி பக்கத்து ஆள், வீட்டில் கன்னடம் பேசுகிறவர். பின்பக்கம் வண்டி உட்கார்ந்துவிடுகிறது, இரண்டு பக்கமும் இரண்டிரண்டு பட்டை கூடுதலாகப் போட்டுத் தூக்கிக் கொடு என்றார். மறுநாள் ஓசூரில் சிமெண்ட் ஏற்றிக்கொண்டு அஞ்செட்டி வழியாக நாட்றாம்பாளையம் போகவேண்டுமாம். அந்த வழியில் மலை இறங்கவேண்டும்.

பட்டை கூடினால் அடுக்கு தடிக்கும், பழைய யு போல்ட் எட்டாது. நீளமான புது போல்ட்டும் எட்டு புது நட்டும் எடுத்து வைத்தேன். பழையதைக் கழற்ற ஆரம்பித்தேன். ஏழு நட்டு முக்கி முனகி வந்துவிட்டது. எட்டாவது வரவில்லை. துருவேறி போல்ட்டோடு ஒன்றாகப் பிடித்துக்கொண்டிருந்தது. மண்ணெண்ணெய் ஊற்றி ஊறவிட்டேன். சுத்தியால் எல்லா முகத்திலும் தட்டிப் பார்த்தேன். ஸ்பேனரில் இரும்புக் குழாயைச் செருகி அதன்மேல் ஏறி நின்றேன். அசையவில்லை.

டீக்கடையிலிருந்து டிரைவர் குரல் கொடுத்தார்.

"ஏம்மா, எதுக்கு அதுங்கூட மல்லுக்கட்டறே? உளிய வெச்சு ஒரே போடு. ரெண்டாப் பொளந்துக்கும்."

"உளி வெச்சா அடியில இருக்கற தகடு கெட்டுப் போயிரும்ணா. முழுசா எடுக்கறேன்."

"முழுசா எடுத்து மாலையாக் கோத்துப் போட்டுக்கப் போறியா?"

கடையில் இருந்த நாலைந்து பேரும் சிரித்தார்கள். எனக்குச் சுருக்கென்றது. மண்ணெண்ணெய் புளோ லாம்பை எடுத்தேன். டீசல் டேங்கை ஈரச் சாக்கால் மூடினேன். நட்டு செக்கச் சிவக்கும்வரை நெருப்புக் காட்டிவிட்டு, குழாயைப் பிடித்துத் தொங்கினேன். கிரீச்சென்று ஒரு சத்தம். நட்டு நகர்ந்தது. அந்தச் சத்தம் எதிர்க்கடைக்குக் கேட்டிருக்கிறது. எல்லோரும் எழுந்து வந்துவிட்டார்கள்.

நட்டைக் குறடால் பிடித்துத் தண்ணீர் வாளியில் முக்கினேன். புஸ்ஸென்று ஆவி கிளம்பியது. அதைத் தூக்கி, போல்ட்டைக் கவ்வுகிற உள்பக்க மரையைக் காட்டினேன்.

"பாத்துக்கிட்டீங்களா? ஒரு மரை கெடல."

டிரைவர் விடவில்லை. "வந்துருச்சு சரி. இனிமே அது எதுக்கு ஆவும்? தூக்கிப் போடு. அது வேணாம்மா."

"ஏன் ஆகாது? ஏத்திக் காட்டட்டுமா?"

பட்டைகளை அடுக்கி, புது போல்ட்டுகளை மாட்டி, ஏழு புது நட்டு ஏற்றினேன். எட்டாவது காலில் அந்தப் பழைய நட்டை வைத்து, ஸ்பேனர் இல்லாமல் விரலாலேயே சரசரவென்று சுழற்றி ஏற்றிக் காட்டினேன். மரை கெடவில்லை என்று காட்டத்தான். காட்டிவிட்டுக் கழற்றிப் புதியதைப் போடுவதாகத்தான் நினைப்பு. சூடு காட்டிய நட்டு செத்த நட்டு, அதை மறுபடி ஏற்றக்கூடாது என்பது எங்கள் பட்டறையின் முதல் சட்டம். அதைத் தண்ணீரிலும் முக்கிவிட்டால் கண்ணாடி மாதிரி ஆகிவிடும். பார்க்கக் கெட்டியாக இருக்கும், பாரம் விழுந்தால் விரிந்துவிடும். வீட்டுக்காரர் ஆயிரம் தடவை சொன்னது.

அப்போது யாரோ ஒருவர் கை தட்டினார். இன்னொருவர், "அண்ணன் இருந்திருந்தாக்கூட இப்புடி எடுத்திருக்க மாட்டாரு" என்றார், என் வீட்டுக்காரரைச் சொல்லி. டீக்கடைக்காரர், நான் கேட்காமலே, ஒரு கிளாஸ் டீயைக் கொண்டுவந்து கையில் கொடுத்தார். இரண்டு வருடத்தில் அந்தக் கடையிலிருந்து என் பட்டறைக்கு வந்த முதல் டீ அது. எல்லோரும் சுற்றி நின்று பேசினார்கள். எந்த ஊர், யார் மகள், எப்போது தொழில் பழகினாய் என்று கேட்டார்கள். நானும் பேசினேன், சிரித்தேன். அந்தச் சந்தோஷத்தோடு குனிந்து, குழாயைப் போட்டு, எட்டு நட்டையும் வரிசையாக முறுக்கி முடித்துவிட்டேன். எட்டையும்.

மறுநாள் காலை பட்டறையைக் கூட்டும்போது, நட்டு சுற்றிவந்த எண்ணெய்க் காகிதம் துடைப்பத்தில் தட்டுப்பட்டது. கனமாக இருந்தது. பிரித்தேன். உள்ளே ஒரு புது நட்டு பளபளவென்று உட்கார்ந்திருந்தது.

அப்படியென்றால் ஏற்றிக் காட்டிய பழைய நட்டை நான் கழற்றவே இல்லை. அன்றைக்கு அஞ்செட்டியில் சந்தை. வழியில் சந்தைக்குப் போகிற சனங்கள் சிமெண்ட் மூட்டைமேல் ஏறிக்கொள்வார்கள். பொம்பளைகள், பிள்ளைகள், கோழிக்கூடைகள். மலை வளைவில் அந்த நட்டு விரிந்தால் கமான் அடுக்கு நழுவும், பின் அச்சு ஒருபக்கம் இழுத்துக்கொண்டு போகும். அப்புறம் பள்ளம்தான்.

பெரிய ஸ்பேனரையும் குழாயையும் ஒரு சாக்கில் சுற்றிக்கொண்டு, புது நட்டை மடியில் முடிந்துகொண்டு, ஓசூர் பஸ்ஸில் ஏறினேன். கண்டக்டர் சாக்கைத் தூக்கிப் பார்த்தார்.

"என்னாம்மா, எங்க பஸ் சக்கரத்தக் கழட்டிக்கினு போறதுக்கா?"

பஸ் முழுக்கச் சிரித்தது. என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த அம்மா, சேலையில் கறை படும் என்று எழுந்து போய்விட்டார். ஓசூர் வரைக்கும் அந்த இடம் காலியாகத்தான் இருந்தது. அங்கே அஞ்செட்டி பஸ்ஸுக்கு மாறிய பிறகும் அப்படித்தான். ஸ்பேனரை மடியில் போட்டுக்கொண்டு ஜன்னல் வழியாக எதிரே வருகிற லாரிகளையும் நாங்கள் முந்துகிற லாரிகளையும் பார்த்துக்கொண்டே போனேன். யாரிடமாவது சொல்லி அழலாம் என்றால் என்னவென்று சொல்வது? கை தட்டினார்கள் என்று மறந்துவிட்டேன் என்றா?

மலை இறங்குவதற்கு முன்னால் ரோட்டோரம் ஒரு முனியப்பன் கோயில் இருந்தது. இறங்குகிற வண்டியெல்லாம் அங்கே நின்று சூடம் ஏற்றிவிட்டுத்தான் கிளம்பும். தூரத்திலேயே அந்த லாரியின் பின்பக்கம் தெரிந்தது. நான் தூக்கிக் கொடுத்த பின்பக்கம். மூட்டைமேல் இருபது பேராவது உட்கார்ந்திருந்தார்கள். டிரைவர் சூடத்தைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டு வண்டியில் ஏறப்போனார். நான் பஸ்ஸுக்குள்ளிருந்தே கத்தினேன். பஸ் நின்றதும் இறங்கி, சாக்கோடு ஓடிப்போய் வண்டி முன்னால் நின்றேன்.

அவர் என்னைப் பார்த்தார். சாக்கைப் பார்த்தார். முன்சக்கரத்துக்குக் கல் வைத்தார். நான் வண்டிக்கடியில் படுத்து நகர்ந்து போனேன். அவரும் மறுபக்கமாக வந்து என் எதிரே படுத்தார்.

அந்த நட்டின் ஒரு முகத்தில் நகம் நுழைகிற அளவுக்கு விரிசல். ஸ்பேனரே தேவைப்படவில்லை. இரண்டு விரலால் திருப்பினேன், வந்துவிட்டது. அவர் கையை நீட்டி வாங்கிப் பார்த்தார்.

மேலே இருந்து ஒரு ஆள் சத்தம் போட்டார்.

"என்னாப்பா, என்னா கோளாறு? அந்தப் பொம்பளை யாரு?"

இன்னொரு குரல், "குந்தாரப்பள்ளிகிட்ட ஒரு பொம்பளை கமான் கட்டுதாம், அதுவா? அய்யோ, எறங்குங்கடி மொதல்ல! பொம்பளை கட்டுன வண்டிலயா ஏறிக்கினு வந்தோம்?"

எனக்கு வண்டிக்கடியிலேயே செத்துப்போகலாம் போல இருந்தது. என் தப்புதான் என்று சொல்ல வாயைத் திறந்தேன். அதற்குள் அவர் தலையை வெளியே நீட்டினார்.

"சும்மா இருங்கடா. இவங்க பட்டறைல லோடு ஏத்துன பொறவு வண்டி எங்க நிக்குதோ அங்கயே தேடி வந்து ரெண்டாவது முறுக்கு முறுக்குவாங்க. வேற யாரு செய்யறான்? நாந்தான் வரச் சொன்னேன்."

மேலே சத்தம் அடங்கிவிட்டது. ஒரு பெண், "அதான் தேடிக்கினு வந்துதா. நல்ல தொழில்காரியாத்தான் இருக்கும்" என்றது காதில் விழுந்தது.

கமான் மாற்றினால், பாரம் ஏற்றி ஓடின பிறகு போல்ட்டை இன்னொரு தடவை முறுக்கவேண்டும் என்பது உண்மை. திரும்பி வாருங்கள் என்று எல்லாப் பட்டறையிலும் சொல்லுவார்கள். ஒரு டிரைவரும் வரமாட்டார். ஆனால் வண்டியைத் தேடிக்கொண்டு போகிற பட்டறை அந்தப் பக்கத்தில் எதுவும் கிடையாது. அவர் சொன்னது முழுப் பொய்.

புது நட்டை ஏற்றினேன். குழாயின் ஒரு முனையை நானும் மறுமுனையை அவருமாகப் பிடித்து இழுத்தோம். மற்ற ஏழையும் முறுக்கினோம். என் கண்ணில் வழிந்தது தண்ணீரா வியர்வையா என்று அவர் பார்க்கவில்லை. மெதுவாக, எனக்கு மட்டும் கேட்கிற மாதிரி, "அது வேணாம்னு அப்பவே சொன்னேன் இல்ல?" என்றார். அவ்வளவுதான். வெளியே வந்ததும் அந்த விரிசல் விட்ட நட்டை, யார் கண்ணிலும் படாமல், பள்ளத்தைப் பார்த்து வீசி எறிந்தார்.

கிளம்பும்போது சீட்டுக்கடியிலிருந்து ஒரு துணி மூட்டையை எடுத்துக் கொடுத்தார். "ஊட்டா ஆயித்தா?" என்று கேட்டார். சாப்பிட்டாயா என்று அவர்கள் பாஷையில் கேட்பது. அந்தப் பக்கத்தில் பார்க்கிறவர்கள் எல்லாம் ஒருவரை ஒருவர் கேட்டுக்கொள்வதுதான். என்னை யாரும் கேட்டு இரண்டு வருடம் ஆகியிருந்தது. மூட்டையை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டேன்.

வண்டி இறங்கியது. நான் கோயில் மேடையில் உட்கார்ந்து, அவர் கொடுத்த ராகிக் களியையும் கீரையையும் மடியில் வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டிருந்தேன். ஒவ்வொரு வளைவிலும் வண்டி மறையும். அடுத்த வளைவில் சின்னதாகத் தெரியும். கடைசி வளைவு தாண்டி அடிவாரத்தில் புழுதி எழும்பின பிறகுதான் முதல் கவளத்தை எடுத்து வாயில் வைத்தேன். திரும்பிப் போகும் பஸ் வர வெகுநேரம் ஆனது. மேடையில் நான் மட்டும்தான் இருந்தேன்.

அவர் அதற்குப் பிறகு என் பட்டறைக்கு வரவே இல்லை. ஆனால் ஒரு மாதத்தில் அஞ்செட்டிப் பக்கத்து வண்டி ஒன்று வந்தது. அப்புறம் தேன்கனிக்கோட்டை வண்டி. "ரெண்டாவது முறுக்குக்குத் தேடி வருவீங்களாமே?" என்று கேட்டார்கள். ஆமாம் என்றேன். வேறென்ன சொல்வது? சாக்கில் ஸ்பேனரைச் சுற்றிக்கொண்டு ராயக்கோட்டை, சூளகிரி, வேப்பனப்பள்ளி என்று பஸ் ஏறினேன். கை ஓயும்வரைக்கும் ஏறினேன். பக்கத்து சீட்டு காலியாகத்தான் இருக்கும். யாராவது என் வேலையைப் பாராட்டிவிட்டால், அவர்கள் போகும்வரை காத்திருந்து, ஒவ்வொரு நட்டையும் மறுபடி தொட்டுப் பார்த்துவிட்டுத்தான் வண்டியை விடுவேன்.

வாயைத் திறந்து என் தப்பு என்று நான் சொல்லியிருக்கவேண்டும். அன்றைக்குச் சொல்லவில்லை, அப்புறம் யாரிடமும் சொல்லவில்லை, என் அண்ணனிடம்கூட. எழுத்துக் கூட்டிக் கூட்டி இப்போதுதான் எழுதுகிறேன். அந்த மனிதர் இருக்கிறாரோ இல்லையோ தெரியாது. என் மானத்தைக் காப்பாற்ற அவர் சொன்ன ஒரு பொய்யை உண்மையாக்குவதற்கே என் மீதி ஆயுசு சரியாக இருந்தது, அது வீணான ஆயுசு என்று ஒரு நாளும் எனக்குத் தோன்றியதில்லை.