பக்கெட் தண்ணீரில் முக்கிய ஈஸ்டர் கறி

தவக்காலம் தொடங்கிய வாரத்தில் என் மாமியாருக்குப் பல் மொத்தத்தையும் பிடுங்கிவிட்டார்கள். அன்றிலிருந்து சமையலறையில் சுவரைப் பார்த்து உட்கார்ந்துதான் சாப்பாடு. "பொக்க வாயி மெல்றத யாரும் பாக்க வாணாம்" என்று பிடிவாதம். ஈஸ்டருக்கும், "எனக்குக் கொயம்பு மட்டும் ஊத்து, போதும்" என்றுவிட்டார். கறி என்றால் உயிரை விடுகிற மனுஷி! எனக்குப் பொறுக்கவில்லை. அன்றைக்கு அவரை எங்களோடு கூடத்தில் உட்காரவைத்துக் கறி சாப்பிட வைக்காவிட்டால் நான் இந்த வீட்டு மருமகளே இல்லை என்று களத்தில் இறங்கிவிட்டேன்.

குக்கரில் வேகவைத்தால் நார் நாராகி ஈறில் சிக்குகிறது. என் தம்பி துபாயிலிருந்து கொண்டுவந்த கருவி ஒன்று பரணில் கிடந்தது. தண்ணீரைக் கொதிக்கவிடாமல் ஒரே சூட்டில் வைத்திருக்கும் கோல் அது. காற்றில்லாத பையில் கறியை அடைத்து, ஒரு நாள் முழுக்க அந்தத் தண்ணீரில் போட்டால் வெண்ணெயாக வெந்துவிடுமாம். சூ வீட் என்று பேர். காற்றை உறிஞ்சும் மெஷினுக்கு நான் எங்கே போவேன்? சூடு தாங்கும் ஜிப் கவர்தான் இருந்தது.

சனிக்கிழமை காலை, மசாலா தடவிய ஆட்டுக்கறியைக் கவரில் போட்டு, கையால் அமுக்கி மூடினேன். கோலைச் செருகிய பானையில் போட்டால் மிதக்கிறது, சனியன்! மண்ணூர்பேட்டையில் பேக்கிங் வேலை பார்க்கும் என் வீட்டுக்காரர், "ஸ்ட்ரா வச்சு காத்த உறிஞ்சேன்மே" என்று யோசனை சொன்னார்.

"பச்சக் கறித் தண்ணியயா? நீங்களே உறிஞ்சுங்க!" என்று விரட்டினேன்.

எங்காவது ஓட்டை வழியாகக் காற்று புகுகிறதோ என்று, பங்க்சர் கடையில் ட்யூபை முக்குவதுபோலக் கவரைப் பக்கெட் தண்ணீரில் மெதுவாக முக்கினேன். ஜிப்பின் ஒரு மூலை திறந்திருந்ததை நான் கவனிக்கவில்லை. அடேயப்பா! தண்ணீர் நாலு பக்கமும் நெருக்க, காற்றெல்லாம் அந்த மூலை வழியாக வெளியேறி, கவர் கறியோடு கறியாக ஒட்டிக்கொண்டது. மூலை மூழ்குவதற்குள் சட்டென்று மூடினேன். "ஏங்க, ஓடி வாங்க!" என்று நான் போட்ட கூச்சலில் பக்கத்து வீட்டுக் கதவு திறந்தது.

அந்தக் குதிப்பெல்லாம் பத்து நிமிஷம்தான். கவரை இறக்கிய பானைத் தண்ணீர் மசாலா நிறத்துக்கு மாறியது. நல்லி எலும்பின் முனை கவரைக் குத்திக் கிழித்திருந்தது. எலும்பில்லாத கறியைக் கறி என்றே மதிக்காத குடும்பம் எங்களுடையது. கடையில் சண்டை போட்டு வாங்கிய நல்லி அது. தலையில் அடித்துக்கொண்டு, எலும்பைக் குழம்புக்குத் தள்ளினேன். சதையை மட்டும் கழுவி, மறுபடி மசாலா தடவி, புதுக் கவரில் போட்டு, பக்கெட்டில் முக்கிக் காற்றை விரட்டிப் பானையில் போட்டேன். இந்த முறை சமர்த்தாக அடியில் போய் உட்கார்ந்தது.

ஞாயிறு பூசை முடிந்து வந்ததும், கறியைச் சட்டியில் ஒரு புரட்டு புரட்டிச் சமையலறையில் மாமியார் கையில் கொடுத்தேன். ஒரு துண்டை வாயில் வைத்து நாக்கால் அழுத்தினார்.

"இன்னாமே இது, தானா கரையுது!"

தட்டைத் தூக்கிக்கொண்டு விறுவிறுவென்று கூடத்துக்குப் போனார். "தள்ளிக் குந்துடா" என்று மகனை இடித்து நடுவில் உட்கார்ந்து, எல்லோரும் பார்க்கப் பார்க்க அடுத்த துண்டை மென்றார்.