ஜோடி உடுப்பு

என் அக்காவும் மாமாவும் தாம்பரத்தில் ஓர் ஏற்றுமதி ஆடைக் கம்பெனியில் வேலை செய்தபோது காதலித்துக் கல்யாணம் செய்துகொண்டவர்கள். அவள் தையலில், அவர் துணி வெட்டும் பிரிவில் சூப்பர்வைசர். இருவருக்கும் இந்தியில் ஒரு வார்த்தைகூடத் தெரியாது. ஆனால் அப்போது இந்திப் படங்களில் அடிக்கடி சேர்ந்து நடித்த ஒரு ஜோடியின் மேல் இருவருக்கும் பைத்தியம். கதை அவர்களுக்கு முக்கியமில்லை. கேபிளில் பாட்டு வந்தால் டிவிக்குப் பக்கத்தில் போய், காலர் எப்படி, கை எவ்வளவு நீளம் என்று பார்ப்பார்கள்.

அந்த ஜோடி முதலில் ஜீன்ஸும் தொளதொளத்த சட்டையுமாக ஓடியாடியது. அடுத்த படத்தில் அவள் ஷிஃபான் புடவைக்கும் கையில்லாத ரவிக்கைக்கும் மாறினாள். அவன் உடம்பை ஒட்டிய கறுப்புப் பனியனில் வந்தான். பிறகு குட்டை குர்தா, பூவேலை செய்த துப்பட்டா. ஒவ்வொன்றையும் தாம்பரத்தை அடுத்த பீர்க்கன்கரணை வீட்டில் மாமா வெட்டித்தர அக்கா தைத்தாள். அம்மாவுக்குப் பயந்து ரவிக்கைக்கு மட்டும் சின்னதாகக் கை வைத்தாள். ஒரே நிறத்தில் உடுத்திக்கொண்டு இருவரும் ஏரிப்பக்கம் நடந்தால் தெருவே பார்க்கும். கூடப் போக எனக்கு வெட்கமாக இருக்கும். ஆனாலும் போவேன்.

சில வருடங்களில் கம்பெனியை மூடினார்கள். அக்காவுக்குச் சிங்கப்பெருமாள் கோவில் பக்கம் ஒரு தொழிற்சாலையில் வேலை கிடைத்தது. மாமாவுக்கு எதுவும் அமையவில்லை. சில இடங்களுக்குப் போய்ப் பார்த்தார். பிறகு போவதை நிறுத்தினார். குளிப்பதும் சவரம் செய்வதும் குறைந்தன. அழுக்கு லுங்கியோடு கட்டிலில் உட்கார்ந்து சுவரையே பார்த்துக்கொண்டிருப்பார். டாக்டர் கொடுத்த மாத்திரையைப் போட்டால் தூங்குவார். விழித்தால் மறுபடியும் அதே சுவர்.

அந்தச் சமயத்தில் ஜோடியின் புதுப் படம் வந்தது. இருவருக்கும் வயது கூடியிருந்தது. அவன் கருஞ்சிவப்புச் சட்டையும் கோட்டும் போட்டிருந்தான். அவள் ஒற்றை நிறக் கைத்தறிப் புடவை. அக்கா மாமாவின் பழைய அளவிலேயே அந்தச் சட்டையைத் தைத்தாள். தானே அவருக்குச் சவரம் செய்து விட்டாள். போட்டுப் பார்த்தால் தோள் இரண்டும் இறங்கித் தொங்கின. முதுகுப் பக்கம் ஊக்கு குத்திச் சரி செய்தாள். தாம்பரம் தியேட்டருக்கு என்னையும் துணைக்கு அழைத்தாள்.

முதல் பாட்டு ஓடியது. அக்கா திரையைப் பார்க்கவில்லை. அவர் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அழகா இருக்காங்க," என்றார் மாமா. கொஞ்ச நேரம் கழித்து, "ஆனா எனக்கு ஒண்ணுமே தோணல. போலாமா?" என்றார்.

"போலாங்க," என்றாள் அக்கா.

இடைவேளைக்கு முன்பே வெளியே வந்துவிட்டோம். ஷேர் ஆட்டோவில், எதிரே ஆட்கள் உட்கார்ந்திருக்கும்போதே, அவர் சட்டைப் பொத்தான்களை ஒவ்வொன்றாகக் கழற்றத் தொடங்கினார். அக்கா தடுக்கவில்லை. முந்தானையை இழுத்து அவர் மார்பை மூடிப் பிடித்துக்கொண்டாள்.

அதற்குப் பிறகு வேறு டாக்டரிடம் போனார்கள். அந்த டாக்டர் வேறு மாத்திரை கொடுத்தார். மாமா கட்டிலை விட்டு எழவில்லை. வருடங்கள் போயின. ஒரு நாள் காலையில் அக்கா அவருடைய சோற்றை மூடி வைத்துவிட்டு வேலைக்குக் கிளம்பிக்கொண்டிருந்தபோது, அவர் என்றைக்காவது சரியாகிவிடுவாரா என்று கேட்டேன்.

"தெரியலடி. டாக்டர்கிட்ட அதக் கேக்கறத விட்டுட்டேன்," என்று சொல்லிவிட்டுக் கம்பெனி பஸ்ஸைப் பிடிக்க நடந்தாள்.