மீன் வாடை அடித்த கை

எங்கள் பூனை பூந்தி, சாப்பாட்டுத் தட்டருகே வருவாள், முகர்வாள், என் முகத்தை ஒருமுறை பார்ப்பாள், போய்விடுவாள். முதல் அறிகுறி அவ்வளவுதான். கொழுப்பு ஏறிப்போச்சு என்று பூனையைத் திட்டினேன்.

மேடவாக்கத்தில் கால்நடை மருத்துவர் ஸ்கேன் எடுத்து, ஊசியால் திசுவும் எடுத்துச் சோதித்து, லிம்போமா (நிணநீர் அணுக்களில் தொடங்கும் புற்று, இவளுக்குக் குடலில்) என்றார். கீமோ கொடுக்கலாம், ஆனால் எடை இன்னும் இறங்கினால் நிறுத்த வேண்டிவரும் என்றார். எனக்கு யாரையும் லேசில் நம்பிப் பழக்கமில்லை. அந்த எடை மெஷின் சரிதானா என்று என் கைப்பையை வைத்துப் பார்த்தேன்.

ஆக, அவளைச் சாப்பிட வைத்தே தீரவேண்டும். உப்பில்லாமல், வெங்காயம் பூண்டு இல்லாமல் (இரண்டும் பூனைக்கு ஆகாது) மீனை அவித்து, முள் எடுத்து, இளஞ்சூட்டில் வைப்பேன். கீமோ மாத்திரையைப் பொடிக்கக் கூடாது. கையுறை போட்டு முழுசாக வாயில் போடவேண்டும். கூடவே கொடுத்திருந்த ஸ்டீராய்டு மாத்திரையைத்தான் பொடித்து மீனில் கலந்தேன். நல்ல கசப்பு. சில நாளில் என் காலடிச் சத்தம் கேட்டாலே கட்டிலடியில் பதுங்கினாள்; தட்டைத் தொடுவதே இல்லை.

ஆனாலும் எடை குறையவில்லை. கொஞ்சம் ஏறியும் இருந்தது. சந்தோஷப்படாமல் சந்தேகப்பட்டேன். மாடி வீட்டுக்காரர்கள் எதையாவது போடுகிறார்களோ என்று பால்கனிக் கதவைச் சாத்தி வைத்தேன். அப்போதும் குறையவில்லை.

அது தவக்காலம். என் கணவர் செல்வின் ஈஸ்டர் வரை மீன், கறி என்று கவிச்சி எதையும் சாப்பிடமாட்டார். "பூனைக்குப் போய் கீமோவா" என்று முதலில் முணுமுணுத்தவரும் அவர்தான். ஒரு சாயங்காலம் ஜெபத்துக்கு உட்கார்ந்தபோது அவர் கையில் மீன் வாடை.

"என்னங்க, மீன் சாப்டீங்களா?"

"சேச்சே. லென்ட்ல போயா?"

"அப்ப கை ஏன் நாறுது?"

அவர் பைபிளைத் திறந்துகொண்டார்.

மறுநாள் நான் வேலை செய்யும் பள்ளியில் அனுமதி கேட்டுச் சீக்கிரமே தாம்பரத்து வீட்டுக்கு வந்தேன். வீட்டிலிருந்தே வேலை பார்க்கும் செல்வின், சமையலறைத் தரையில் சம்மணமிட்டிருந்தார். தானே அவித்த மீனை விரலில் எடுத்து நீட்ட, பூந்தி நக்கித் தின்றுகொண்டிருந்தாள். என்னைக் கண்டதும் ஓடிவிட்டாள்.

"நீ வெச்சா தொடவே மாட்டேங்குறா ஜெசி. உங்கிட்ட சொன்னா இதுலயும் மாத்திரையைக் கலந்துடுவ."

கலந்திருப்பேன்தான். கோபத்தோடு அழுகையும் வந்தது.

மருத்துவரிடம் சொன்னோம். "சாப்பாட்டுல மருந்து கலக்காதீங்க மேடம். அப்புறம் சாப்பாட்டையே நம்பாது. சார் ஊட்டட்டும், மாத்திரையை நீங்க குடுங்க," என்றார். கசப்பு தெரியாமலிருக்க ஸ்டீராய்டை வெற்றுக் கேப்ஸ்யூலில் போட்டு, நேராக வாயில் கொடுக்கக் கற்றுக்கொடுத்தார்.

மாத்திரை கொடுக்கிற கெட்ட பெயரை உங்கள் வீட்டிலும் யாராவது ஒருவர் வாங்கிக்கொள்ளத்தான் வேண்டும்; எங்கள் வீட்டில் அது நான். எவ்வளவு நாள் இருப்பாள் என்று நான் இப்போது கேட்பதில்லை. அடுத்த வேளை சாப்பிடுவாளா என்பதற்கு மேல் என் மனசு போவதில்லை.

அவளைத் தொடும் முன் என் கையை நானே முகர்ந்து பார்க்கிறேன். சோப்பு வாசம்தான். பூந்தியும் முகர்ந்துவிட்டு, நகர்ந்து போய்விடுகிறாள். போகட்டும். சமையலறையில் செல்வின் கையிலிருந்து அவள் நக்கித் தின்னும் சத்தம் எனக்கு இங்கேயே கேட்கிறது.