பேனாபோல் யார்டில் ஓர் ஆயுத பூஜை

என் அக்காவைக் கட்டிக்கொண்டவர் என்பதற்காகச் சொல்லவில்லை. பொன்னனைப் போல ஒரு பிடிவாதக்காரரைச் சங்ககிரி முழுக்கத் தேடினாலும் கண்டுபிடிக்க முடியாது. தான் பிடித்த முயலுக்கு மூன்றே கால் என்பார். நான்காவது காலை நீங்கள் தொட்டுக் காட்டினால், அது வேறு முயல் என்பார். இப்படிப்பட்ட மனிதரோடு ஒரே கேபினில் பாதி இந்தியாவைச் சுற்றியிருக்கிறேன் என்றால் என் பொறுமையை நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்.

மாமாவுக்குச் சொந்த ஊர் சங்ககிரிக்குப் பக்கத்தில் மழையை நம்பிக் கடலை போடுகிற ஒரு கிராமம். மழை ஏமாற்றிய ஒரு வருஷம், பத்தாம் வகுப்பும் ஏமாற்றியது. அப்பா திட்டுவதற்கு முன்னால் கிளீனராக ஒரு லாரியில் ஏறிவிட்டார். மீசை சரியாக முளைப்பதற்குள் அசாமைப் பார்த்துவிட்டார். பக்கத்தில் இருக்கிற மேட்டூர் அணையைப் பார்த்தது என் அக்கா சௌந்திரத்தைக் கட்டிய பிறகுதான், அதுவும் அவள் அழுததால். கிளீனர், டிரைவர், பிறகு சொந்த வண்டி என்று படிப்படியாக மேலே வந்தார். அந்த வண்டியில் நான் இரண்டாவது டிரைவர். கதிர்வேல் என்ற என் பெயர் அவர் வாயில் ஒரு நாளும் வந்ததில்லை, எல்லாம் மாப்ளதான்.

சாமி விஷயத்தில் அவர் அப்படியொன்றும் பக்திமான் இல்லை. கோயிலுக்கு அக்கா இழுத்தால்தான் போவார். ஆனால் ஆயுத பூஜை மட்டும் தனி. அன்றைக்கு வண்டியைக் கழுவிச் சந்தனம் குங்குமம் வைத்து, சக்கரத்துக்கு அடியில் எலுமிச்சம்பழம் வைத்து, பூசணிக்காய் சுற்றி உடைக்காமல் ஸ்டியரிங்கைத் தொடமாட்டார். எந்த மாநிலத்தில் நின்றாலும் சரி. ஒரு தடவை நாகாலாந்து மலைப்பாதையில் பூசணி கிடைக்காமல் சுரைக்காயை உடைத்தார். அந்த வருஷம் முழுக்க டயர் பஞ்சரானதற்கெல்லாம் அந்தச் சுரைக்காயைத்தான் திட்டினார்.

அந்த அக்டோபரில் குமாரபாளையத்துப் பக்கம் ஒரு மில்லில் நூல் ஏற்றிக்கொண்டு வங்காளதேசத்துக்குப் போனோம். மேற்கு வங்கத்தில் இந்தப் பக்கம் பெட்ராபோல், அந்தப் பக்கம் பேனாபோல். நடுவில் ஒரு கேட். காகிதமெல்லாம் சரியாக இருந்தால் டிரைவருக்கு ஒரு பாஸ் கொடுப்பார்கள். கேட்டைத் தாண்டி அவர்களுடைய யார்டில் லோடை இறக்கிவிட்டுத் திரும்பிவிட வேண்டும். இரண்டு பக்கமும் ஒரே பாஷை, ஒரே மீன், ஒரே சோறு. தாத்தா காலத்தில் ஒரே தாலுகாவாக இருந்த இடம் என்றார்கள்.

நாங்கள் போன நேரம் சரியில்லை. டாக்காவில் ஆட்சி கவிழ்ந்து இரண்டு மாதம்தான் ஆகியிருந்தது. ஓடிப்போன பிரதமர் நம் நாட்டில் இருந்தார் என்று அங்கே கோபம். அங்கே கோயில்களை உடைக்கிறார்கள் என்று இங்கே கோபம். இந்தப் பக்கத்து வங்காளிகள் உயிரை விடுகிற ஹில்சா மீனை அனுப்பமாட்டோம் என்றார்கள், அப்புறம் அனுப்புகிறோம் என்றார்கள். மீனுக்குக்கூடச் சண்டை. யார்டில் எங்கள் நம்பர் பிளேட்டைப் பார்த்து யாரும் சிரிக்கவில்லை.

சிரித்தவர் ஒருவர்தான். சுமை இறக்குகிறவர்களுக்கு மேஸ்திரி, ஹாரூன் என்று பெயர். மாமா வயதுதான் இருக்கும். வங்காளதேசம் பிறந்த எழுபத்தொன்று யுத்தத்தில் அவருடைய அம்மா நிறைமாதமாக எல்லையைத் தாண்டி ஓடிவந்து, நம் பக்கத்து அகதி முகாமில்தான் அவரைப் பெற்றாளாம். "நான் பிறந்தது உங்கள் ஊரில், சாப்பிடுவது என் ஊரில்" என்று இந்தியில் சொல்லிச் சிரிப்பார். நாங்கள் வண்டிக்குப் பக்கத்திலேயே ஸ்டவ்வை வைத்துச் சமைக்கிறவர்கள். மாமா வைத்த ரசத்தைக் குடித்துவிட்டு இது மருந்தா குழம்பா என்று கேட்டார். ஆனாலும் மறுநாள் டம்ளரோடு வந்து நின்றார்.

லோடு இறக்க எங்கள் முறை வருவதற்குள் துர்கா பூஜை விடுமுறை வந்து கேட்டைச் சாத்திவிட்டார்கள். நூல் இறங்கவில்லை, நாங்கள் அந்தப் பக்கம் மாட்டிக்கொண்டோம். ஆயுத பூஜையும் வந்துவிட்டது.

"மாமா, காலம் கெட்டுக் கெடக்குது. பூசைய ஊர்ல போயி வெச்சுக்கலாமுங்க" என்றேன்.

"ஊர்ல போயி வெச்சுக்கலாம்னா, ஊருக்கு வண்டி எப்படி மாப்ள போகும்? பூசை போடாத வண்டிய நீதான் ஓட்டோணும்" என்றார்.

பாஸில் வந்தவர்கள் யார்டை விட்டு வெளியே போகக்கூடாது. அதனால் மாமா பூசணிக்காய் வாங்கிவரச் சொல்லி ஹாரூனிடம் கேட்டார். அந்த மனிதர் இடுப்பில் பிள்ளையைப் போல ஒரு நல்ல சாம்பல் பூசணியைத் தூக்கிக்கொண்டு வந்தார். குழம்பு வைக்கப் போகிறோம் என்று நினைத்திருக்கிறார். எலுமிச்சம்பழமும் கொண்டுவந்திருந்தார்.

காலையில் வண்டியைக் கழுவினோம். ஊதுபத்தி, பொரி, கற்கண்டு எல்லாம் அக்கா கட்டிக் கொடுத்தது. மாமா பூசணியில் ஓட்டை போட்டு உள்ளே குங்குமத்தைக் கொட்டினார், மேலே சூடத்தைக் கொளுத்தினார், வண்டியை மூன்று சுற்று சுற்றினார். பிறகு முன்னால் வந்து ஓங்கி ஒரே அடி. பூசணி சிதறி, சிமென்ட் தரையெல்லாம் செக்கச்செவேல். நான் கேபினில் ஏறி, வழக்கப்படி நீளமாக ஹாரன் அடித்து, சக்கரத்தடியில் வைத்த எலுமிச்சம்பழம் நசுங்குகிற மாதிரி வண்டியை ஒரு முழம் முன்னால் நகர்த்தினேன்.

இப்போது அதையே அந்தப் பக்கத்துக் காவல்காரர் கண்ணால் பாருங்கள். கேட் சாத்தியிருக்கிறது. இந்திய லாரி ஒன்று திடீரென்று அலறிக்கொண்டு கேட்டைப் பார்த்து நகர்கிறது. அதற்கு முன்னால் தரையில் சிவப்பாக ஏதோ சிதறிக் கிடக்கிறது. ஊரில் எங்களுக்குச் சின்ன வயதிலிருந்து பழகிய விஷயம், மற்றவர்களுக்கு எப்படித் தெரியும் என்று ஒரு நிமிஷம் யோசித்தோமா? இல்லை. பிள்ளையார் பிடிக்கக் குரங்காய் முடிந்தது.

விசில் அடித்துக்கொண்டு நாலா பக்கமும் ஓடிவந்தார்கள். என்னைக் கேபினிலிருந்து இறக்கினார்கள். ஒருவர் ரத்தம் என்றார். இன்னொருவர் எங்கள் வாசலில் செய்வினை வைத்துவிட்டார்கள் என்றார். கூட்டம் கூடியது, கையெல்லாம் ஃபோன். பாஸைப் பிடுங்கிக்கொண்டு எங்கள் இரண்டு பேரையும் யார்டு அதிகாரியிடம் கொண்டுபோய் நிறுத்தினார்கள். நான் மாமாவின் பின்னால் ஒதுங்கிக்கொண்டேன். மாமா மட்டும் தன் வீட்டு விசேஷத்துக்கு வந்தவரைப் போல நின்றார்.

"என்ன செய்தீர்கள்?" என்று அதிகாரி இந்தியில் கேட்டார்.

மாமா தன்னுடைய லாரி இந்தியில் விளக்கினார். வண்டிக்குக் கண் படாமல் இருக்கக் காய் உடைத்தோம் என்றார்.

"யாருடைய கண்?" அதிகாரியின் முகம் மாறியது. "எங்கள் கண் அவ்வளவு கெட்டதா?"

எரிகிற நெருப்பில் எண்ணெய். நான் மாமாவின் சட்டையைப் பிடித்து இழுத்தேன். அவர் கேட்டால்தானே.

"தூரத்தில் இருக்கிறவன் கண் எங்கே ஐயா படும்? பக்கத்து வீட்டுக்காரன் கண்தான் படும். சங்ககிரியில் என் பக்கத்து வீட்டுக்காரன் கண் ஒன்று போதும், டயர் வெடிக்கும். என் கண்ணும் அவன் வண்டி மேல்தான் இருக்கும். அவனும் வருஷாவருஷம் உடைக்கிறான். அதற்காக நாங்கள் பேசாமலா இருக்கிறோம்? அவன் பெண் கல்யாணத்துக்குப் பந்தல் போடக் கூட நின்றது நான்தான்" என்றார்.

அதிகாரி சிரிக்கவில்லை. ஆனால் உட்காரச் சொன்னார். அந்த நேரத்தில்தான் ஹாரூன் கூட்டத்தை விலக்கிக்கொண்டு உள்ளே வந்தார். வராமலே இருந்திருக்கலாம், யாரும் அவரைக் கூப்பிடவில்லை. காயை வாங்கிக் கொடுத்தது தான்தான் என்றார். தன் தெருவில் ஓர் இந்து வீட்டில் வருஷாவருஷம் துர்கைக்கு இதே காயைத்தான் ஆட்டுக்குப் பதிலாக வெட்டுவார்கள், இந்த வருஷம் பயந்துபோய்க் கதவைச் சாத்திக்கொண்டு வெட்டினார்கள் என்றார். அதிகாரி, தானும் சின்ன வயதில் அதைப் பார்த்திருப்பதாகச் சொன்னார்.

ஆனால் வெளியே கூட்டம் நிற்கிறதே. உடைத்தவரே தரையைக் கூட்டிக் கழுவ வேண்டும், எல்லோரும் பார்க்க வேண்டும் என்றார் அதிகாரி. அப்புறம் ஹாரூனைப் பார்த்து, "இவர்களுக்கு நீதான் ஜாமீன். இவர்கள் கேட்டைத் தாண்டிப் போய் அங்கே ஏதாவது கிளப்பிவிட்டால், உன் வேலை போகும். இந்தியனுக்குப் பரிந்து பேசினவன் என்று உன்னைத் தெருவில் அடித்தால் என்னால் தடுக்க முடியாது" என்றார். ஹாரூன் தலையாட்டினார்.

மாமா விளக்குமாற்றை எடுத்துக் கூட்டினார். சுற்றிலும் நின்று வீடியோ எடுத்தார்கள். என் அக்கா புருஷன், ஊரில் நாலு பேர் எழுந்து நின்று வணக்கம் சொல்கிற மனிதர், அந்நிய மண்ணில் குனிந்து கூட்டிக்கொண்டிருந்தார். ஹாரூன் இன்னொரு விளக்குமாற்றோடு வந்து எதிர்ப்பக்கத்திலிருந்து கூட்டத் தொடங்கினார். அதையும் வீடியோ எடுத்தார்கள்.

அந்த வீடியோ எங்களுக்கு முன்னால் கேட்டைத் தாண்டிவிட்டது. தமிழ்நாட்டு டிரைவர்களை அடித்து, பூஜையை நிறுத்தி, தரையைக் கழுவ வைத்தார்கள் என்று யாரோ மேலே எழுதிவிட்டார்கள். ஹாரூன் கூட்டியதை மட்டும் வெட்டி எடுத்துவிட்டார்கள். சங்ககிரி லாரிக்காரர்கள் குரூப் முழுக்க அதுதான். அக்கா ஃபோனில் அழுதாள்.

"கதிரு, மாமன அடிச்சுப்போட்டாங்களாமா? நெசத்தச் சொல்லு சாமி."

"ஒரு அடியும் இல்லக்கா. நல்லாத்தான் இருக்கறாரு" என்றேன். அவள் நம்பவில்லை. வீடியோவில் பார்த்ததை நம்புவாளா, தம்பியை நம்புவாளா?

விடுமுறை முடிந்து நூலை இறக்கி, பாஸைத் திரும்ப வாங்கிக்கொண்டு கிளம்பினோம். பெட்ராபோலில் வண்டியை நிறுத்துவதற்குள் ஒரு கூட்டம் வந்து சூழ்ந்துகொண்டது. மாலை எல்லாம் வைத்திருந்தார்கள். முன்னால் நின்றவர் முருகானந்தம், நாமக்கல்காரர், அங்கே லாரிகளுக்கு லோடு பிடித்துக் கொடுப்பவர். கூடவே ஃபோனைக் கம்பில் மாட்டிக்கொண்டு ஒரு சேனல்காரர்.

முருகானந்தம் மாமாவுக்கு மாலையைப் போட்டுக் கையைப் பிடித்துக்கொண்டார். "அண்ணா, தமிழ்லயே சொல்லுங்க, நான் இவங்களுக்குச் சொல்லிக்கறேன். அடிச்சாங்கன்னு ஒரு வார்த்தை போதுமுங்க. ஊர்ல நீங்க இறங்கறப்ப மேளம் வெச்சுக் கூட்டிட்டுப் போவாங்க."

உண்மையைச் சொல்கிறேன், எனக்கும் அந்த ஒரு வார்த்தை இனித்தது. குனிந்து கூட்டியதை ஊரே பார்த்துவிட்டது, அதற்கு ஒரு கணக்கு தீர வேண்டாமா? அடித்தார்கள் என்று சொல்லிவிட்டால் அவமானம் போய் வீரம் ஆகிவிடும். ஆனால் அந்த வார்த்தை அன்று மாலைக்குள் கேட்டைத் தாண்டிப் போகும் என்பதும், போய் யார் தலையில் விழும் என்பதும் எங்கள் இரண்டு பேருக்கும் தெரியும்.

"அடிச்சாங்களா அண்ணா?" என்று முருகானந்தம் மறுபடி கேட்டார். ஃபோன் மாமாவின் முகத்துக்கு நேராக வந்தது.

மாமா மாலையைக் கழற்றி அவர் கையிலேயே கொடுத்தார்.

"என்னத்துக்கு அடிக்கறாங்க? அவங்க வாசல்ல பூசணிக்காய ஒடச்சது நானு. நம்மூர்ல நடுரோட்டுல ஒடச்சுப்போட்டுட்டு நம்மபாட்டுக்குப் போயர்றோம். பின்னால மொபெட்டுல வாரவன் வழுக்கி உழுந்து மண்டைய ஒடச்சுக்கறான். வந்து கூட்டுடான்னு ஒருத்தனாச்சும் நம்மளச் சொல்லியிருக்கறானா? இவங்க சொன்னாங்க. கூட்டினேன். ஒடச்சவன்தான கூட்டோணும்?"

"உங்களுக்கு அவமானமா இல்லீங்களா?"

"தனியாக் கூட்டியிருந்தா இருந்திருக்கும். அந்த ஊர்க்காரரு ஒருத்தரு கூட நின்னு கூட்டினாரு. அத வெட்டிப்போட்டுட்டு மிச்சத்தக் காட்டறீங்களே, அது உங்களுக்கு அவமானமா இல்லீங்களா?"

"யாருங்கண்ணா அது? பேரச் சொல்லுங்க."

"அது எதுக்கு உங்களுக்கு" என்று சொல்லிவிட்டுக் கேபினில் ஏறினார்.

சேனல்காரர் அதைப் போடவே இல்லை. சங்ககிரியில் மேளமும் இல்லை. லாரிக்காரர்கள் சிலர் பொன்னன் பயந்துவிட்டான் என்றுகூடப் பேசினார்கள். பேசியவர்களில் ஒருவன் சட்டையை நான் பிடித்தேன், அக்காதான் விலக்கிவிட்டாள். சில மாதம் கழித்து இந்திய நூல் அந்தக் கேட் வழியாக வரக்கூடாது என்று அவர்கள் நிறுத்திவிட்டார்கள். பதிலுக்கு அவர்களுடைய துணியை நம் பக்கம் நிறுத்தினார்கள். நாங்கள் இப்போது வேறு ரூட்டில் ஓடுகிறோம்.

நாங்கள் எல்லையை விட்டுக் கிளம்பிய மறுநாள் ஒடிசாவில் சாலையோரம் சமைத்துக்கொண்டிருந்தபோது ஹாரூன் வாட்ஸ்அப்பில் கூப்பிட்டார். பின்னால் லாரிகளின் சத்தம் கேட்டது. இன்றைக்கும் யார்டுக்குள் விட்டார்கள், வேலையில்தான் இருக்கிறேன் என்றார். அது போதும் என்றார் மாமா. ஒரே ஒரு வார்த்தையை மாற்றிச் சொல்லியிருந்தால் எங்கள் மாமா ஊர் மெச்சும் வீரராக இறங்கியிருப்பார். அந்த மேளச் சத்தத்துக்கு ஹாரூன் அங்கே அடி வாங்கியிருப்பார்.