சிவப்பு நூல் கட்டிய அகப்பை

இன்று பாயாசம் காய்ச்ச மர அகப்பையை எடுத்தேன். காம்பில் சுற்றிய சிவப்பு நூல் வெளிறியிருந்தது.

எனக்கு ஏழு வயதில், நாங்கள் புலம்பெயர்ந்து வந்த நாட்டில், துன் நகருக்கு மேலே மலையில், யூதப் பிள்ளைகளின் கோடை முகாமில் அம்மா சமையல் வேலை செய்தார். நானும் கூடத் தங்கினேன். இறைச்சியும் பாலும் கலக்கக்கூடாது என்பது அவர்களின் மத விதி; அதனால் அங்கே இறைச்சி அகப்பைக்குச் சிவப்பு நூல், பால் அகப்பைக்கு நீலம். நான் சிவப்பைக் கொதிக்கும் பாலில் விட்டுக் கலக்கிவிட்டேன். பால் முழுவதையும் கீழே ஊற்றிவிட்டார்கள். அம்மாவின் வேலை போய்விடுமென்று அழுதேன்.

“எங்கட வீட்டிலயும் மச்சச் சட்டி வேற, சைவச் சட்டி வேற. பிள்ளை செய்தது பிழைதான்,” என்று அம்மா தெரிந்த ஜெர்மனில் சொன்னார்.

சமையலறைப் பொறுப்பாளர் மிரியம் என் கண்ணைத் துடைத்துவிட்டார். ஆனால் அந்த அகப்பைக்கு இனி இங்கே இடமில்லை என்றார்.

அகதியாய் வந்த அம்மா அதைக் கழுவிப் பையில் வைத்தார்.

“இடமில்லையோ? அப்ப எங்களோட வரட்டும்.”