ராகு காலத்தில் கதவைச் சாத்திக்கொள்ளும் கேபின்

அம்மா போனது ஒரு வெள்ளிக்கிழமை, பிறகு வந்த டாக்டர் கணக்குப்படி ராகு காலத்தில். அண்ணன் டாக்டரைக் கூட்டிவர நாமக்கல் போயிருந்தார். நான் அயோத்தியாப்பட்டணத்திலிருந்து பஸ்ஸில் வந்துகொண்டிருந்தேன். பக்கத்தில் இருந்தது அண்ணி மட்டும்தான். "உங்க ரெண்டு பேரையுந்தான் கேட்டுக்கிட்டே இருந்தாங்க" என்று அவர் சொன்னது இன்னும் என்னை நிம்மதியாகத் தூங்க விடவில்லை. அந்த நேரத்தில் ஒரு தடவையாவது அம்மா பக்கத்தில் நிற்க வேண்டும். எனக்கிருந்த ஆசை அது ஒன்றுதான்.

நாமக்கல்லுக்கு வெளியே காலப் பயண நிலையம் வந்து வருடங்களாகிவிட்டன. பயணப் பெட்டியை எங்கள் ஆட்கள் கேபின் என்பார்கள். லாரிக்காரர் ஊரில் ஏறி உட்காருவதெல்லாம் கேபின்தான். போய்ப் பார்க்கலாம், அவ்வளவுதான். அங்கிருப்பவர்கள் கண்ணுக்கு நாம் தெரிய மாட்டோம், எதையும் மாற்றவும் முடியாது. கிழமையும் மணியும் மாறாது. வெள்ளிக்கிழமை பத்து மணிக்கு ஏறினால், ஏதோ ஒரு பழைய வெள்ளியின் பத்து மணிக்கு இறங்குவோம். எந்த வாரம் என்பதில்தான் பழைய கேபின் தகராறு செய்யும். ஆபரேட்டர் கையால் திருகி வைப்பார். அது தன் இஷ்டத்துக்குச் சில வாரம் முன்னே பின்னே கொண்டுபோய் இறக்கும். மகனுடைய கல்யாணத்தைப் பார்க்கப் போன சித்தப்பா, பந்தல்கூடப் போடாத வாசலில் கோழி மேய்வதைப் பார்த்துவிட்டுத் திரும்பினார். நிலையத்து வாசலில் நின்று அவர் வைத வசவை இங்கே எழுத முடியாது.

அப்போதுதான் மேம்பாட்டுத் திட்டத்தை அறிவித்தார்கள். புதுக் கேபின் தன்னைத்தானே சரிசெய்துகொள்ளுமாம்; கேட்ட வாரத்தில் பிசகாமல் இறக்குமாம்.

"பழசுல ஏறி அலையாத அம்மிணி. புதுசு வரட்டும், ரெண்டு பேருமே போலாம்" என்றார் அண்ணன்.

நானும் சரியென்று இருந்துவிட்டேன். ஏன் இருந்தேன் என்று இப்போது நினைத்தால் ஆத்திரமாக வருகிறது. பழையதில் விடாமல் போயிருந்தால் ஒரு தடவையாவது வாய்த்திருக்கும். அந்த ஆபரேட்டருக்கு ராகு காலம் எமகண்டமெல்லாம் கிடையாது, எந்நேரமும் உட்கார்ந்திருப்பார்.

பழையதை எடுத்துவிட்டுப் புதுக் கேபினை வைத்தார்கள். தன்னைச் சரிசெய்துகொள்ள அதற்குத் தினமும் கொஞ்ச நேரம் ஓய்வு வேண்டும். கூட்டம் வராத நேரமாகப் பார்த்து அதுவே வைத்துக்கொள்ளும். முதல் சில மாதங்கள் எங்கள் போக்குவரத்தை அது கவனித்தது. எங்கள் ஆட்களோ, செத்துப்போன மாமனாரைப் பார்க்கப் போனாலும் காலண்டரைப் பார்க்காமல் படியேற மாட்டார்கள். கிழமைக்குக் கிழமை மாறுகிற ராகு காலத்தை யாரும் சொல்லிக்கொடுக்காமலே கேபின் கற்றுக்கொண்டது. தினமும் அந்த நேரத்தில் கதவைச் சாத்திக்கொண்டது. "மிசினுக்கே தெரியுது பாருங்க" என்று டீக்கடையில் ஒரே மெச்சல். எனக்கு வேண்டியிருந்ததோ அந்த நேரம்தான்.

ஒரு வெள்ளிக்கிழமை ராகு காலத்துக்கு முன்னதாகவே ஏறிப் பார்த்தேன். அம்மா தூங்கிக்கொண்டிருந்தார். மூச்சுக்கு மூச்சு கழுத்துக் குழி ஏறி இறங்கியது. உதடு லேசாக அசைந்தது. என்ன சொல்கிறார் என்று குனிவதற்குள் கேபின் என்னைத் திருப்பி இழுத்துக்கொண்டது. ஓய்வு நேரம் வந்துவிட்டதாம்.

நிலையத்தில் இருந்த இன்ஜினியர் பெண்ணிடம் போய் அழுதேன். வெளியூர்ப் பெண், பொறுமையாகக் கேட்டாள். "ஓய்வு நேரத்துல ஒருத்தர் பட்டனை அமுக்கினா அது சட்டை பண்ணாதும்மா. ரெண்டு பயணிங்க ஆளுக்கொரு பட்டனை அமுக்குனா, தேவை இருக்குன்னு உடனே திறந்துடும். நாங்க அமுக்குனா கணக்குல எடுத்துக்காது" என்றாள்.

ஒரே ஒரு ஆள் போதும். தெருவில் ஒரு வீடு விடாமல் கேட்டேன். எல்லோரும் உச்சுக்கொட்டினார்கள். "அந்நேரத்துலீங்களா? வேற எப்ப வேணாலும் வாரேனுங்க" என்றார்கள். கடைசியில் அண்ணனேதான் மனசு வந்து, "வாரேன் அம்மிணி. எனக்கும் பாக்கோணும்" என்றார்.

அந்த வெள்ளிக்கிழமை கேபின் முன்னால் நின்றோம். ராகு காலம் தொடங்கிச் சிவப்பு விளக்கு எரிந்தது. அண்ணன் பின்வாங்கினார். "நாளைக்குப் பையன் புது வண்டி எடுக்கறான்..." என்று இழுத்தார்.

"அம்மாவப் பாக்கறதுக்கு என்னண்ணா நல்ல நேரம் கெட்ட நேரம்?" என்று கத்திவிட்டேன். பெஞ்சில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அண்ணன் வந்து, கண்ணை மூடிக்கொண்டு தன் பட்டனை அமுக்கினார்.

இனி நான் அமுக்க வேண்டும். கையைத் தூக்கினேன். என் மகளுக்கு நிறைமாதம். இன்றோ நாளையோ என்றிருந்தது. விரல் பட்டன்மேல் நின்றது. அமுக்கு, அமுக்கு என்று மனசு அடித்துக்கொண்டது. விரல் இறங்கவில்லை.

அண்ணன் கண்ணைத் திறந்து பார்த்தார். இருவரும் போய் பெஞ்சில் உட்கார்ந்தோம்.

நேரம் கழிந்ததும் கதவு தானாகவே திறந்தது. ஏறினோம். அண்ணி கட்டிலோரம் உட்கார்ந்து அம்மாவின் உள்ளங்காலைப் பரபரவென்று தேய்த்துக்கொண்டிருந்தார். "இன்னுங் கொஞ்ச நேரந்தானுங்க, அவீக வந்துருவாங்க" என்று சொல்லிச் சொல்லித் தேய்த்தார். நான் அம்மாவின் கழுத்துக் குழியைப் பார்த்தேன்; அது அசையவில்லை. அண்ணிக்கு இன்னும் தெரிந்திருக்கவில்லை.